எட்கர் ரைட்ஸின் ‘ஹைமாட்’ படத்துக்குத் தமிழில் என்ன பெயர் வைப்பது?

கோத்தகிரிக்காரன் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். கோத்தகிரியில் நாங்கள் பத்துப் பன்னிரண்டு பேர் மாதம் ஒரு படம் போட்டுப் பார்த்துவிட்டு, முடிந்ததும் டீ குடித்துக்கொண்டே அதைப் பற்றிப் பேசுவோம். வருபவர்கள் கலவையான ஆட்கள்: ஹட்டி என்னும் தங்கள் கிராமங்களிலிருந்து வரும் படுகர் பெரியவர்கள், தேயிலைத் தோட்டத்துக் குடும்பங்கள், கல்லூரிப் பிள்ளைகள். அடுத்த மாதம் ஜெர்மன் இயக்குநர் எட்கர் ரைட்ஸ் 1984-ல் எடுத்த ‘ஹைமாட்’ தொடங்கலாம் என்று இருக்கிறேன். மொத்தம் 11 பகுதி, 15 மணி நேரத்துக்கு மேல், ஹுன்ஸ்ரூக் என்ற மலைப்பகுதியில் ஷாபாக் என்ற கற்பனைக் கிராமம், அதில் சிமோன் என்ற குடும்பம், 1919-லிருந்து 1982 வரை. நான் முழுவதும் பார்த்துவிட்டேன், இரண்டு வாரமாக மனதை விட்டுப் போகவில்லை.

என் சிக்கல் தலைப்பில்தான். முன்கூட்டிக் கொடுக்க ஒரு பக்கத் துண்டறிக்கை எழுத உட்கார்ந்தேன், முதல் வரியிலேயே நின்றுவிட்டேன். ஹைமாட் என்பதற்கு அகராதியில் தாயகம் என்று போட்டிருக்கிறார்கள். அந்தச் சொல்லை என்னால் எழுத முடியவில்லை. என் பாட்டி இலங்கையில் அட்டன் பக்கம் ஒரு தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீட்டில், பிறந்தவர். 1964-ல் இலங்கையும் இந்தியாவும் போட்ட சிறிமா சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்கு என்று எண்ணி ஒதுக்கிய 5,25,000 பேரில் அவரும் ஒருவர். தலைமன்னாரில் கப்பலேறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாமில் கிடந்து, அப்புறம் இங்கே தேயிலை பறிக்க வந்தார். அரசுக் காகிதத்தில் அவர் பெயருக்குப் பக்கத்தில் ‘தாயகம் திரும்பியோர்’ என்று இருக்கும். “திரும்புறதுன்னா முன்னாடி இருந்த இடத்துக்குப் போறதுதானே, நான் இங்க எப்போ இருந்தேன்” என்று கடைசி வரை கேட்டுக்கொண்டிருந்தார். அவரைப் போன்றவர்கள் முன்வரிசையில் உட்கார்ந்து பார்க்கப்போகும் படத்துக்கு அந்தப் பெயரை எப்படி வைப்பது?

இன்னொரு கேள்வியும் உண்டு. இந்தப் படம் நாஜி காலத்துக் குற்றங்களை மறைத்துவிட்டுக் கிராமத்தை மட்டும் அழகாகக் காட்டுகிறது என்று பல விமர்சகர்கள் எழுதியிருக்கிறார்கள். பார்க்கும்போது எனக்கு அப்படித் தோன்றவில்லை, ஆனால் படத்தின் மேல் எனக்குள்ள ஆசை கண்ணை மறைத்திருக்கலாம். பார்த்தவர்கள் சொல்லுங்கள்.

மலைரயில் (குன்னூர்) எழுதியது:

தம்பி, நல்ல காரியம் செய்கிறீர்கள். தலைப்புக்கு முன்னால் அந்தச் சொல்லின் கதையைத் துண்டறிக்கையில் நாலு வரி போட்டுவிடுங்கள், இல்லாவிட்டால் ரைட்ஸ் என்ன துணிச்சல் செய்தார் என்பது யாருக்கும் புரியாது. ஹைமாட் என்பது ஜெர்மன் மொழியில் ரொம்பப் பழைய, சாதுவான சொல். வீடு, பிறந்த இடம், அங்கே பேசும் பேச்சு, அடுப்பங்கரை வாசனை வரை எல்லாமே அதற்குள் அடக்கம். நாஜிகள் அதை எடுத்து ரத்தம், மண் என்ற பேச்சோடு கட்டிவிட்டார்கள். போர் முடிந்ததும் 1950-களில் சினிமாக்காரர்கள் அதே சொல்லில் ஒரு வகைப் படமே எடுத்தார்கள், ஹைமாட் படம் என்றே பெயர். கறுங்காடு, ஆல்ப்ஸ் மலை, பாட்டு, பாவாடை கட்டிய பெண்கள், கடைசியில் கல்யாணம். நகரங்கள் இடிந்து கிடந்த நாட்டில் இடிபடாத மலையை மட்டும் காட்டினால் கூட்டம் வரத்தானே செய்யும். நாம் இதை நன்றாகவே புரிந்துகொள்ளலாம், எத்தனை படங்களில் நம் ஊட்டி பாட்டுக்கு மட்டும் வந்து போயிருக்கிறது, அந்தப் பாட்டில் இங்கே குடியிருக்கும் ஒரு மனிதராவது முகம் காட்டியிருக்கிறாரா?

ரைட்ஸ் 1932-ல் அதே ஹுன்ஸ்ரூக்கில் மோர்பாக் என்ற ஊரில் பிறந்தவர், அப்பா கடிகாரம் பழுது பார்ப்பவர். 1962 பிப்ரவரியில் ஓபர்ஹௌசன் குறும்பட விழாவில் 26 இளைஞர்கள் பழைய சினிமா செத்துவிட்டது என்று கையெழுத்துப் போட்டு அறிவித்தார்களே, அதில் இவரும் ஒருவர். இன்னொரு இயக்குநரான அலெக்சாண்டர் க்ளூகேவோடு சேர்ந்து ஊல்ம் நகரில் சினிமா சொல்லிக் கொடுத்தார். 1967-ல் எடுத்த முதல் கதைப் படத்துக்கு வெனிஸ் விழாவில் விருது கிடைத்தது. ஆனால் 1978-ல் பறக்க முயன்ற ஒரு தையற்காரரின் கதையைப் பெரிய செலவில் எடுத்து அது ஓடவே இல்லை. கடன், அவமானம். வடக்கே ஸூல்ட் என்ற தீவுக்குப் போய் ஒதுங்கினார். அந்த ஆண்டுக் கடைசியில் அடித்த பனிப்புயலில் அங்கேயே மாட்டிக்கொண்டு, வேறு வேலை இல்லாமல் தன் சொந்தக்காரர்களின் கதைகளை எழுத ஆரம்பித்ததுதான் இந்தப் படம். ஊரை விட்டு ஓடிப்போன பையன் 46 வயதில், எல்லாம் போன பிறகு, ஊரை நினைக்கிறான். எனக்கு அந்த இடம்தான் பெரிதாகப் படுகிறது. கெட்டுப்போன ஒரு சொல்லை வேண்டுமென்றே தலைப்பாக வைத்து, அதைக் கழுவி எடுக்க அவருக்கு 15 மணி நேரம் தேவைப்பட்டது.

என் யோசனை, ‘ஊர்’ என்று ஒரே சொல். ரயிலில் பக்கத்தில் உட்காருபவர் முதலில் கேட்பது என்ன? நமக்கு எந்த ஊரு என்பதுதானே.

பந்தலூர் பக்கம் எழுதியது:

குன்னூர் ஐயா சொன்னதில் ஒன்று விட்டுப்போயிற்று, அதுதான் அண்ணனின் இரண்டாவது கேள்விக்கும் பதில். 1979 ஜனவரியில் யூதப் படுகொலையைப் பற்றிய அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர் ஒன்று மேற்கு ஜெர்மனியில் ஓடியது. ஒரு யூதக் குடும்பம், ஒரு நாஜி அதிகாரியின் குடும்பம் என்று இரண்டையும் வைத்துச் சொன்ன கதை. பெற்றோர் வாய் திறக்காமல் வைத்திருந்ததை அந்தத் தொடர் கூடத்துக்குக் கொண்டுவந்து போட்டது. கொலைக்குற்றத்துக்கு வழக்குப் போட இருந்த காலவரம்பை அந்த நாட்டு நாடாளுமன்றம் நீக்கியதும் அதே ஆண்டு ஜூலையில்தான். ரைட்ஸுக்கோ அந்தத் தொடர் மேல் கோபம். எங்கள் வரலாற்றை அமெரிக்கர்கள் எங்களிடமிருந்து பிடுங்கிக்கொண்டார்கள் என்ற பொருளில் எழுதினார். ஹைமாட்டுக்கு முதலில் அவர் யோசித்த பெயரே ‘மேட் இன் ஜெர்மனி’.

எனக்கு இந்தக் கோபம் பிடிக்கவில்லை, நேராகச் சொல்லிவிடுகிறேன். கொல்லப்பட்டவர்களின் கதையை யார் சொல்வது என்ற கேள்வியில் ‘எங்கள் வரலாறு’ என்று ஒரு ஜெர்மானியர் சொல்லும்போது அந்த ‘எங்கள்’ என்பதில் யூதர்கள் இருக்கிறார்களா? படத்தில் 1930-களும் போர்க்காலமும் சேர்ந்து எத்தனை மணி நேரம் ஓடுகிறது, அதில் யூதர்கள் எத்தனை நிமிடம் வருகிறார்கள் என்று பாருங்கள். விமர்சகர்கள் சொன்னது நியாயம்தான்.

ஆனால் மறைத்தார் என்று சொல்ல மாட்டேன். ஹேன்ஷன் என்று ஒரு கண் இல்லாத பையன் வருவான், கூடை முடைபவரின் மகன். சைக்கிளில் போகும்போது வழியில் கைதிகள் முகாமைப் பார்க்கிறான். கம்யூனிஸ்டுகளை அடைத்து வேலை வாங்கும் இடம். காவலுக்கு நிற்பவன் பையனிடம் அன்பாகப் பேசி, உனக்கு ஒரு கண்தானே, குறி பார்க்க வசதி என்று துப்பாக்கியைக் கையில் கொடுத்துக் கைதியைக் குறி பார்க்கச் சொல்கிறான். வெயில், புல்வெளி, சிரித்த முகம். பிறகு அந்தப் பையன் ஊரிலேயே நல்ல குறிகாரன் ஆகிறான், போருக்கும் போகிறான். இதைவிட எப்படிச் சொல்ல முடியும்? ஊர் எல்லாவற்றையும் பார்த்தது, பார்த்துவிட்டு சைக்கிளை மிதித்து வீட்டுக்கு வந்து சோறு தின்றது. சிமோன் குடும்பத்துப் பாட்டி கதரீனா போகும் இடமும் அப்படித்தான். 1933-ல் போகும் நகரத்தில் விடியற்காலையில் கம்யூனிஸ்ட் ஒருவரைப் பிடித்துக்கொண்டு போவதைக் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் அவள் ஷாபாக் திரும்புகிறாள்.

அதனால் படத்தைப் போடுங்கள், ஆனால் போட்டுவிட்டு அப்படியே அனுப்பிவிடாதீர்கள். படத்தில் இல்லாதவர்கள் யார் என்பதையும் அன்றைக்கே பேசுங்கள்.

‘ஊர்’ பற்றி ஒரு மறுப்பு. எங்கள் பக்கம் தோட்டத்தில் பிறந்த ஒருவரிடம் எந்த ஊர் என்று கேட்டால் புதுக்கோட்டை, துறையூர், முசிறி என்று தாத்தாவுக்குத் தாத்தா கிளம்பிப் போன இடத்தைத்தான் சொல்வார். அங்கே அவருக்கு ஒரு வாசற்படி கூடக் கிடையாது. பிறந்த இடத்தைக் கேட்டால் தோட்டத்து டிவிஷன் பெயரைச் சொல்வார். அவருக்கு எது ஊர்?

கேத்தி மகள் எழுதியது:

நான் படுகர் வீட்டுப் பெண், இந்த மூன்று பதிவையும் படித்துவிட்டு இரவு முழுக்க யோசித்தேன். ஊர் என்ற சொல்லை எல்லோரும் ஆண்களின் பக்கத்திலிருந்து பேசுகிறீர்கள். நம் பெண்களுக்குப் பிறந்த ஊர் ஒன்று, வாக்கப்பட்ட ஊர் ஒன்று. இந்தப் படத்தில் அது அழகாக இருக்கிறது. பால் சிமோன் போரிலிருந்து நடந்தே வீட்டுக்கு வருகிறான், அடுப்பங்கரையில் உட்காருகிறான், ஊரே சுற்றி நின்று பேசுகிறது, அவன் வாயே திறப்பதில்லை. ரேடியோ செய்கிறான், கல்யாணம் செய்கிறான், இரண்டு பிள்ளைகள். 1928-ல் ஒருநாள் யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் சாலையில் நடந்து போய்விடுகிறான், அமெரிக்காவுக்கு. முதல் பகுதியின் பெயரே தூரதேசத்து ஏக்கம் என்று பொருள்படும் ஜெர்மன் சொல். அவன் போவதற்கு ஏக்கம் என்று ஒரு பெயர் இருக்கிறது. அவன் மனைவி மரியா ஊரிலேயே இருந்ததற்கு என்ன பெயர்? மாடு கறக்க வேண்டும், மாமியாரைப் பார்க்க வேண்டும், அதனால் இருந்தாள். 1946-ல் அவன் பெரிய அமெரிக்கக் காரில் வந்து இறங்கும்போது ஊரே காரைப் பார்க்கிறது, நான் மரியாவின் முகத்தை மட்டும் பார்த்தேன்.

இன்னொருத்தி அப்பொலோனியா. பிரெஞ்சுக்காரன் ஒருவனோடு பிள்ளை பெற்றாள் என்று ஊர் அவளை என்ன பாடு படுத்துகிறது. அது 1920-களில், ஹிட்லர் வருவதற்கு முன்பே. ஊர் என்றால் சேர்த்து வைத்துக்கொள்வது மட்டும் இல்லை, தள்ளி வைப்பதும் அதே ஊர்தான் என்று ரைட்ஸ் முதல் பகுதியிலேயே சொல்லிவிடுகிறார். பெர்லினில் விலைமாதர் விடுதி நடத்திய லூசி, பாலின் அண்ணன் எட்வர்டைக் கட்டிக்கொண்டு இங்கே வருகிறாள், ஒன்றுக்கும் ஆசைப்படாத அந்த மனிதனைத் தள்ளித் தள்ளி நாஜி மேயர் ஆக்குகிறாள். வெளியிலிருந்து வந்தவளுக்கு ஊரில் இடம் பிடிக்க அந்தக் கட்சிதான் ஏணி. இதை யாரும் எழுதி நான் படித்ததில்லை.

கடைசிப் பகுதியை மறக்கவே முடியாது. மரியா சாகிறாள், ஊர்வலம் போகும்போது மழை கொட்டுகிறது, எல்லோரும் சவப்பெட்டியை நடுத்தெருவில் வைத்துவிட்டு ஒதுங்க ஓடுகிறார்கள். தாமதமாக வரும் கடைசி மகன் ஹெர்மன், பால் போன பிறகு அவள் பெற்றவன், பார்ப்பது தெருவில் தனியாக நனையும் பெட்டியைத்தான். எங்கள் பக்கம் சாவு என்றால் எத்தனை ஹட்டியிலிருந்து ஜனம் வரும் தெரியுமா, மழையாவது குளிராவது. அதைப் பார்த்தபோது எனக்கு நெஞ்சு அடைத்துவிட்டது. எங்கள் சாவுச் சடங்கில் ஒன்று உண்டு. இறந்தவரும் அவருடைய முன்னோரும் செய்திருக்கக்கூடிய பாவங்களை ஒருவர் வரிசையாக உரக்கச் சொல்லுவார், கூட்டம் அதை விட்டுவிடச் சொல்லிப் பதில் சொல்லும். சொன்னால்தான் அவருக்கு வழி திறக்கும். 1950-களில் ஷாபாக்கில் அதைச் சொல்ல ஆள் இல்லை. பந்தலூர் தம்பி சொன்ன அந்த மௌனம் எனக்கு இந்த இடத்தில்தான் புரிந்தது. சொல்லப்படாத பாவத்தோடு அந்த ஊர் பணக்கார ஊராக ஆகிறது.

எங்கள் கேத்திக்கு 1840-களிலேயே பாசல் மிஷன்காரர்கள் வந்துவிட்டார்கள், தென்மேற்கு ஜெர்மனிக்காரர்களும் அதில் இருந்தார்கள், படுக மொழியைக் கற்றுக்கொண்டு ஹட்டி ஹட்டியாக நடந்தார்கள். அவர்களும் இப்படி ஒரு மலைக்கிராமத்தை விட்டு வந்தவர்களாக இருக்கலாம் என்று படம் பார்க்கும்வரை எனக்குத் தோன்றியதே இல்லை.

பேரிஜம் (கொடைக்கானல்) எழுதியது:

15 மணி நேரம் யார் உட்காருவார்கள் என்பதையும் யோசியுங்கள். போருக்குப் பிந்திய ஜெர்மனியை இரண்டு மணி நேரத்தில் காட்ட வேண்டுமென்றால் இன்னொரு ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் ‘மரியா பிரௌனின் திருமணம்’ இருக்கிறது, 1979-ல் வந்தது. இடிபாட்டில் தொடங்கி 1954 உலகக் கோப்பைக் கால்பந்து இறுதிப் போட்டியின் ரேடியோ வர்ணனையோடு முடியும். நாடு ஜெயித்துவிட்டது என்று வர்ணனையாளர் கத்திக்கொண்டிருக்கும்போதே வீடு வெடிக்கும். ‘லோலா’, ‘வெரோனிகா ஃபோஸ்’ என்று அடுத்த இரண்டையும் சேர்த்து மூன்று படம் எடுத்துவிட்டு 1982-ல் 37 வயதில் இறந்துபோனார். ஃபாஸ்பிண்டர் நகரத்தையும் பணத்தையும் பார்க்கிறார், ரைட்ஸ் அடுப்பையும் வரப்பையும் பார்க்கிறார். என் ஓட்டு ரைட்ஸுக்குத்தான், ஆனால் உங்கள் கூட்டத்துக்கு ஃபாஸ்பிண்டரை முதலில் போட்டால் பின்னணி பிடிபடும்.

அப்புறம் கல்லூரிப் பிள்ளைகளுக்கு ஹைமாட்டின் இரண்டாம் தொடர். 1992, 13 பகுதி, 25 மணி நேரத்துக்கு மேல். ஹெர்மன் 1960-ல் இசை படிக்க மியூனிக் போகிறான், போனதும் செய்யும் முதல் வேலை தன் ஊர்ப்பேச்சை நாக்கிலிருந்து எடுக்கப் பயிற்சி செய்வது. சென்னையில் கல்லூரியில் சேர்ந்த முதல் மாதம் நானும் இதைத்தான் செய்தேன். அதில் வரும் ஊர், பிறந்த ஊர் இல்லை, பிழைக்கப் போன ஊரும் இல்லை, நண்பர்களாகப் பார்த்துச் சேர்த்துக்கொண்ட ஊர். மூன்றாவது தொடர் 2004-ல் வந்தது, பெர்லின் சுவர் விழுந்த இரவில் ஆரம்பிக்கும். முதல் இரண்டின் கனம் அதில் இல்லை.

இந்து நகர் பையன் (ஊட்டி) எழுதியது:

என் அப்பா இங்கே இருந்த ஃபிலிம் தொழிற்சாலையில் இருட்டு அறையில் வேலை பார்த்தவர். அதனால் நான் ஒரே ஒரு விஷயம் சொல்கிறேன். படம் கறுப்பு வெள்ளையில் ஓடும், திடீரென்று வண்ணம் வரும், மறுபடி போய்விடும். கறுப்பு வெள்ளை என்றால் பழைய காலம், வண்ணம் என்றால் புதுக்காலம் என்று கணக்குப் போடாதீர்கள், அப்படி ஒரு விதியே இல்லை. உலையில் காயும் இரும்பு சிவக்கும்போது வண்ணம், அடுத்த நொடி இல்லை. நினைவும் அப்படித்தானே வருகிறது. ஒளிப்பதிவு கெர்னோட் ரோல். பார்ப்பவர்களிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், இல்லாவிட்டால் மெஷின் கோளாறு என்று எழுந்து வருவார்கள்.

மரியாவின் மூத்த மகன் ஆன்டன் போருக்குப் பிறகு ஷாபாக்கில் கண்ணாடி லென்ஸ் தொழிற்சாலை வைக்கிறான். பன்னாட்டுக் கம்பெனி ஒன்று பெரிய விலை பேசுகிறது, அவன் கொடுக்க மறுக்கிறான். தம்பி எர்ன்ஸ்ட் நேர் எதிர். கிராமத்து வீடுகளில் பழைய கதவு, மரச்சாமான் எல்லாவற்றையும் சல்லிசாக வாங்கி நகரத்தில் விற்பான், ஜனங்களும் சந்தோஷமாகக் கொடுத்துவிட்டுப் புதுசு போட்டுக்கொள்வார்கள். எங்கள் தெருவில் ஓட்டு வீடு ஒவ்வொன்றாகப் பிரிக்கும்போது அந்தத் தேக்குக் கதவுகள் எங்கே போகின்றன என்று எனக்குத் தெரியும். அப்பா இருந்தால் ஆன்டன் வரும் பகுதிகளை மட்டும் திரும்பத் திரும்பப் போடச் சொல்லியிருப்பார். மூடிக் கிடக்கும் அந்த ஃபிலிம் தொழிற்சாலை கேட்டைத் தாண்டித்தான் நான் தினமும் வேலைக்குப் போகிறேன்.

மலைரயில் (குன்னூர்) எழுதியது:

பந்தலூர் தம்பியின் மறுப்பை ஏற்றுக்கொள்கிறேன். தோட்டத்து ஜனங்களுக்கு ரைட்ஸ் எடுத்து 2013-ல் வந்த ‘இன்னொரு ஹைமாட்’ படத்தைப் போடலாமே? நான்கு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு, ஏறக்குறைய முழுக்கக் கறுப்பு வெள்ளை. அதே ஷாபாக், 1840-கள். விளைச்சல் இல்லை, வரி, குழந்தைகள் சாகின்றன, வண்டி வண்டியாக ஜனங்கள் பிரேசிலுக்குக் கிளம்புகிறார்கள். யாகோப் என்ற பையன் பிரேசில் பழங்குடிகளின் மொழியைப் புத்தகத்தில் படித்துப் படித்துக் கனவு காண்கிறான், கடைசியில் போவது அவன் அண்ணன், யாகோப் ஊரிலேயே நின்றுவிடுகிறான். அந்தப் பத்தாண்டில்தான் நம் ஜனங்களும் காப்பித் தோட்டத்துக்காக இலங்கையின் மன்னார்க் கரையில் இறங்கிக் காடு வழியே கண்டிக்கு நடந்தார்கள். தெற்குப் பிரேசிலில் ஹுன்ஸ்ரூக் பேச்சு இன்றைக்கும் வீட்டில் பேசப்படுகிறது. அட்டனில் நம் தமிழ் இருப்பது போல.

கோத்தகிரிக்காரன் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. கேத்தி அக்கா எழுதியதை மூன்று முறை படித்தேன், லூசி பற்றிய இடத்தை உங்கள் அனுமதியோடு துண்டறிக்கையில் சேர்த்துக்கொள்கிறேன்.

முடிவு இதுதான். முதல் மாதம் 2013 படம், அதற்கு அடுத்த மாதம் 1984 தொடரின் முதல் பகுதி, அது இரண்டு மணி நேரம்தான். ஹேன்ஷன் வரும் காட்சியைத் தனியாக எடுத்துப் போட்டு அன்றைக்கு ஒரு மணி நேரம் பேச்சு. பந்தலூர் தம்பி, அந்தப் பேச்சை நீங்கள் வந்து தொடங்கி வைக்க வேண்டும், கூடலூர் கடைசி பஸ்ஸுக்கு முன்னால் முடித்துவிட முடியாது, ராத்திரி எங்கள் வீட்டில் தங்கிக்கொள்ளலாம். ஃபாஸ்பிண்டர் மழைக்காலத்துக்கு.

தலைப்பு ‘சொந்த ஊர்’ என்று வைக்கிறேன். சொந்த ஊர் எது என்று கேட்டால் என் பாட்டி கொஞ்சம் நேரம் சும்மா இருந்துவிட்டுத்தான் பதில் சொல்வார், ஒவ்வொரு தடவையும் வேறு பதில். சொல்லின் முன்னால் அந்தத் தயக்கம் இருக்கட்டும். துண்டறிக்கையில் கீழே ஹைமாட் என்ற ஒலியையும் போட்டுவிடுகிறேன்.

இந்து நகர் நண்பரே, உங்களிடம் ஒரு உதவி. எங்கள் புரொஜெக்டரில் கறுப்பு சாம்பல் நிறமாகத்தான் விழுகிறது, 2013 படத்தை அதில் போட எனக்கு மனமில்லை. ஊட்டியில் நல்ல மெஷின் ஒருநாள் வாடகைக்குக் கிடைக்குமா, கிடைத்தால் திரைத்துணி எத்தனை அடிக்கு வைப்பது என்று சொல்லுங்கள். எங்கள் அறை 30 அடி நீளம், ஒரு பக்கம் முழுக்க ஜன்னல்.